சோளத்தாத்தாவின் கை

தன்யூப் கரையிலுள்ள நோவிசாத் ஊரில் சோளத்தாத்தாவைத் தெரியாத பிள்ளை அந்தக் காலத்தில் கிடையாது. ஞாயிற்றுக்கிழமை காலையில், பெரியவர்கள் இன்னும் காப்பிக் கோப்பையைக் கீழே வைக்காத நேரத்தில், தொலைக்காட்சியில் ஒரு மரவேலி தெரியும். வேலிக்குப் பின்னாலிருந்து சோளக்கதிர் நாரால் செய்த மீசையோடு ஒரு கிழவன் தலையை நீட்டுவான். அவன் பொம்மை. வேலிக்கு இந்தப் பக்கம் ஒரு நிஜக் குழந்தை வந்து நிற்கும். இரண்டு பேரும் தோழர்கள். அவன் கண்ணாடியைத் தொலைப்பான், அவள் தேடித் தருவாள். அவள் கோபித்துக்கொண்டு போவாள், அவன் ஒரு கொத்துத் திராட்சையை வேலிக்கு மேலே ஆட்டி ஆட்டிக் கூப்பிடுவான். நிகழ்ச்சி அவ்வளவுதான். அதற்காகத் தெருவில் பந்து விளையாடுகிறவர்கள்கூடப் பந்தைப் போட்டுவிட்டு உள்ளே ஓடினார்கள்.

தாத்தாவுக்குக் குரல் கொடுத்த ராதிவோயை ஊருக்கே தெரியும். நாடக நடிகர், கழுத்தில் எப்போதும் ஒரு பட்டுத்துணி. சந்தைக்குப் போனால் அவருக்குத் தர்பூசணியைச் சும்மா கொடுப்பார்கள். தாத்தாவுக்குக் கை கொடுத்தவள் நெவென்கா. அவளுக்கு யாரும் எதையும் சும்மா கொடுத்ததில்லை. அதற்காக அவள் வயிறெரிந்தாள் என்று சிலர் சொல்வார்கள். சொல்கிறவர்கள் அவளோடு ஒரு வேளை உட்கார்ந்து சாப்பிட்டதில்லை. அவளுக்கு அந்த வேலை பிடித்திருந்தது. வேலிக்குக் கீழே, நீல மேலங்கியில், முட்டிக்கு அடியில் ஒரு பழைய தலையணையைப் போட்டுக்கொண்டு அவள் மண்டியிட்டிருப்பாள். வலது கை பொம்மையின் தலைக்குள் இருக்கும். இடது கைக்கு ஒரு கம்பளிக் கையுறை; அதுதான் தாத்தாவின் கை. மற்ற பொம்மைகளுக்கு மரக்கையும் கம்பியும் இருந்தன. சோளத்தாத்தாவுக்கு மட்டும் உயிருள்ள கை, பிள்ளை பிடித்துக்கொள்ள வேண்டும் என்பதற்காக.

அங்கே ஒரு சட்டம் இருந்தது. கீழே ஆள் இருப்பது குழந்தைக்குத் தெரியவே கூடாது. பிள்ளை வருவதற்கு முன்பே நெவென்கா உள்ளே நுழைந்துவிட வேண்டும், பிள்ளை போன பிறகுதான் வெளியே வர வேண்டும். வாயைத் திறக்கவே கூடாது. குரல் ராதிவோயுடையது, அவர் கண்ணாடி அறைக்குள் ஒலிவாங்கி முன்னால் உட்கார்ந்து பேசுவார். கீழே இருக்கிறவளுக்கு இருமல் வந்தாலும் விழுங்கிக்கொள்ள வேண்டியதுதான். அவளும் விழுங்கினாள்.

அந்த வருஷம் வந்த குழந்தையின் பெயர் துன்யா. ஆறு வயது, முன்பல் இல்லை, வாய் ஓயாது. அம்மா ருஜா துணி ஆலையில் வேலை பார்த்தாள். அப்பா ஜெர்மனிக்குக் கார் தொழிற்சாலை வேலைக்குப் போய் வெகுநாளாகிவிட்டது. ஒருநாள் நடைவழியில் நெவென்கா எதிரே வர, துன்யா அவளை முழங்கையால் நகர்த்தினாள்.

"அத்தை, கொஞ்சம் தள்ளு. எங்க தாத்தாகிட்டப் போறேன்."

"எந்தத் தாத்தா?"

"சோளத்தாத்தா. உனக்குத் தெரியாது. அவரு பெரிய ஆளு."

"அப்படியா? நானும் விசாரிச்சதாச் சொல்லு."

"அவருக்கு உன்னைத் தெரியாதே!" என்று சொல்லிவிட்டு ஓடினாள். நெவென்கா சுவரில் சாய்ந்து சிரித்தாள். பிறகு பின்வாசல் வழியாக ஓடிப்போய்ப் பிள்ளைக்கு முன்னால் வேலிக்குள் நுழைந்துகொண்டாள்.

விளக்குகளை மாற்றுகிற நேரம் வரும். அப்போது எல்லோரும் சிகரெட்டுக்கும் காப்பிக்கும் போய்விடுவார்கள். ராதிவோய் முதல் ஆளாகப் போவார். துன்யா மட்டும் போகமாட்டாள். வேலியில் கன்னத்தை வைத்துக்கொண்டு தாத்தாவிடம் கதை சொல்வாள். பள்ளியில் யார் யாரைக் கிள்ளினார்கள், பெரியம்மா ஓல்கா சூப்பில் எவ்வளவு உப்பு போடுகிறாள், அப்பா அனுப்பிய காலணி எப்படிக் கடிக்கிறது என்றெல்லாம். தாத்தாவுக்கு அப்போது குரல் கிடையாது. கை மட்டும் பதில் சொல்லும். முதுகைத் தட்டும், காதை இழுக்கும், சடையை அவிழ்த்துவிடும். நெவென்காவின் கணவன் கல்யாணமான கொஞ்ச நாளிலேயே வேறொருத்தியோடு ஸாக்ரெபுக்குப் போய்விட்டான். பிள்ளை இல்லை. வாரம் முழுவதும் அவள் அந்த இடைவேளைக்காகத்தான் காத்திருந்தாள். அதை மூடி மறைத்துச் சொல்ல வேண்டியதில்லை.

இலையுதிர் காலத்தில் ஒருநாள் துன்யா வேலிக்கு வந்து வெகுநேரம் பேசாமல் நின்றாள். தாத்தாவின் கை காதை இழுத்துப் பார்த்தது. பொம்மைத் தலை மீசையை அவள் மூக்கில் உரசிப் பார்த்தது. சிரிப்பு வரவில்லை.

"தாத்தா, அம்மாவும் ஜெர்மனிக்குப் போறா. அங்கே ஆஸ்பத்திரியில சலவை வேலை கிடைச்சிருக்காம். என்னை வர்றியா, பெரியம்மாகூட இருக்கியான்னு கேக்கறா. நீயே சொல்லுடி, உன் இஷ்டம்டிங்கறா. போனா உன்னைப் பார்க்க முடியாதாம். அங்கே வேற தாத்தா டிவியில வருவாராம், அவரு ஜெர்மன்ல பேசுவாராம்."

கை அசையவில்லை.

"நீ சொல்லு. நான் போகணும்னா கையை விட்டுரு. இருக்கணும்னா விடாதே."

இரண்டு கையாலும் அந்தக் கம்பளிக் கையைப் பிடித்துக்கொண்டு கண்ணை இறுக மூடிக்கொண்டாள். கீழே இருந்த நெவென்காவுக்கு அவள் செருப்பின் நுனி மட்டும் பலகை இடுக்கில் தெரிந்தது. ஒரு நுனி இன்னொன்றின் மேல் ஏறி நின்றது. தாயோடு போக வேண்டிய பிள்ளை என்று நெவென்காவுக்குத் தெரியாமல் இல்லை. எந்தப் பெண்ணுக்குத்தான் தெரியாது? கையை விட வேண்டும் என்றுதான் நினைத்தாள். விரலைத் தளர்த்தவும் செய்தாள். அதற்குள் மேலே மூச்சு விசும்பலாக மாறியது. விரல்கள் தாமாக மூடிக்கொண்டன. மூடியது மூடியதுதான். விளக்குக்காரன் திரும்பி வருகிற வரைக்கும் அவள் விடவில்லை.

"சரி தாத்தா," என்றாள் துன்யா. மூக்கைத் துடைத்துக்கொண்டு தன் இடத்தில் போய் நின்றாள்.

அன்றைக்கே நெவென்கா உணவுச்சாலையில் ராதிவோயைத் தேடிப் போனாள். அவர் பீன்ஸ் சூப்பில் ரொட்டியைத் தோய்த்துச் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்.

"ராதிவோய் அண்ணே, ஒரு உதவி. அடுத்த தடவை அந்தப் பிள்ளைகிட்டத் தாத்தா குரல்ல ஒரு வார்த்தை சொல்லணும்."

"என் குரலா? அதை ஞாயித்துக்கிழமைக்கு மட்டும்தான் வாடகைக்கு விடறது."

"விளையாடாதீங்க."

"சரிம்மா, மூஞ்சியைத் தூக்காத. நானும் பிள்ளை பெத்தவன்தான். என்ன சொல்லணும்? நீ சொல்லு, நான் அப்படியே சொல்றேன். கையிலதான் பேசுவே, இன்னிக்காவது வாயில பேசு."

அவர் கரண்டியைக்கூடக் கீழே வைத்துவிட்டு அவள் முகத்தைப் பார்த்தார். அம்மாவோடு போ என்று சொல்ல வேண்டும். அவ்வளவுதான். அடுத்த மேசையில் யாரோ உப்பைக் கேட்டார்கள். நெவென்கா உப்பை எடுத்துக் கொடுத்தாள்.

"ஒண்ணுமில்ல அண்ணே. அப்புறம் சொல்றேன்."

"அப்புறமா? சூப்பு ஆறிப்போச்சு, போ!" என்றார் ராதிவோய். அவர் நல்ல மனிதர். கேட்டிருந்தால் சொல்லியிருப்பார். அவர்மேல் பழி போடுகிற பேச்சே வேண்டாம்.

ருஜா போனாள். பேருந்து நிலையத்தில் துன்யா அழவில்லை என்று எல்லோரும் மெச்சினார்கள். என்ன கெட்டிக்காரப் பிள்ளை, தானே முடிவு பண்ணினாள் பாருங்கள் என்றார்கள். துன்யாவும் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு நின்றாள். அடுத்த கோடையில் வந்து கூட்டிப் போகிறேன் என்றாள் ருஜா. அடுத்த கோடையில் அவள் வயிறு தள்ளியிருந்தது, வீடு ஒரே அறை என்றாள். அதற்கடுத்த கோடையில் கையில் குழந்தை. பிறகு துன்யாவே, "நான்தானே இருக்கேன்னு சொன்னேன், இருந்துக்கறேன்," என்று சொல்லிவிட்டாள். ஓல்கா கெட்டவள் இல்லை. ஆனால் பிள்ளையைத் தடவிக் கொடுக்கிற கை அவளுக்கு இல்லை. ஆகஸ்டில் அம்மா வந்து இறங்கினால் துன்யா விருந்தாளிக்குக் கொடுப்பதுபோலக் கை கொடுப்பாள். தம்பி ஜெர்மனில் எதையோ கேட்டு அழுவான். துன்யாவுக்கு ஒரு சொல்லும் புரியாது.

நிகழ்ச்சியிலும் அவள் நிலைக்கவில்லை. பல் முளைத்தது, கால் நீண்டது. வேலி அவள் இடுப்புக்கு வந்துவிட்டது. ஒருநாள் வேறொரு குழந்தையைக் கூட்டி வந்தார்கள். நெவென்கா கீழே இருந்து புதுப் பிள்ளையின் செருப்பைப் பார்த்தாள். அதற்கும் கை கொடுத்தாள். வேலை வேலைதானே.

அந்த வாரமே ஓல்காவின் கதவைத் தட்டினாள். கையில் ஒரு ஜாடி அய்வார், குடைமிளகாயைச் சுட்டு அரைத்துக் கிளறிய தொக்கு.

"தொலைக்காட்சியில பொம்மைக்குத் துணி தைக்கிறவ நான். பிள்ளை எப்படி இருக்கான்னு பார்க்க வந்தேன்."

"பிள்ளைக்கென்ன, என்னைத் தின்னுக்கிட்டு இருக்கா. உள்ளே வாங்க, கதவைச் சாத்துங்க, காத்து அடிச்சா கழுத்துப் பிடிச்சுக்கும்."

துணி தைக்கிறேன் என்று ஏன் சொன்னாள்? முதலில் சட்டத்துக்காக. பிறகு சட்டம் காலாவதியாகிவிட்டது, பொய் மட்டும் மிஞ்சியது. துன்யா உள்ளே இருந்து எட்டிப் பார்த்தாள்.

"இந்த அத்தையைத் தெரியும் எனக்கு. நடைவழி அத்தை."

அப்படித்தான் பழகினார்கள். ஞாயிற்றுக்கிழமைகளில் துன்யா நெவென்காவின் வீட்டுக்கு வந்தாள். கசகசா ரொட்டி சுட்டார்கள், தன்யூப் கரையில் போய் உட்கார்ந்தார்கள். பள்ளியில் பையன் ஒருவன் சடையில் பசை தடவியபோது நெவென்காதான் கத்தரியை எடுத்தாள். வயதுக்கு வந்த அன்று வலியோடு அவள் ஓடி வந்ததும் இங்கேதான். அம்மா இல்லாத இடத்தில் நெவென்கா உட்கார்ந்துகொண்டாள். அந்த இடம் காலியாகக் காரணம் யார் என்று அவளுக்கு மட்டும் தெரியும். தெரிந்தும் சந்தோஷமாகத்தான் இருந்தாள், அதுதான் கொடுமை. பிள்ளை படியேறி வருகிற சத்தம் கேட்டால் முகம் மலர்ந்துவிடும். அதன் பிறகு அடுப்பின் முன்னால் நின்று தன்னைத் திட்டிக்கொள்வாள்.

துன்யா பள்ளி முடிக்கிற வருஷம், செப்டம்பரில், அடுக்குமாடியின் பின்கட்டில் அய்வாருக்குக் குடைமிளகாய் சுட்டார்கள். ஒவ்வொரு வீடும் தகரத்தைப் போட்டு அடுப்பை மூட்டியிருந்தது. ஊரே புகையாக இருந்தது. சுட்ட மிளகாயை மூடிவைத்து, சூடு தாங்குகிற பதத்தில் வெறும் விரலால் தோலை உரிக்க வேண்டும். நெவென்கா இடது கையால் உரித்துக்கொண்டிருந்தாள். எதிரே துன்யா.

"அத்தை, அந்த நிகழ்ச்சியில நீ துணிதானே தைச்ச?"

"ஆமா. உன் பங்கைப் பாரு, கருகுது."

"வேலிக்குக் கீழே யாரு இருந்தா?"

"எத்தனையோ பேரு. மாறி மாறி இருந்தாங்க."

"எனக்கு ஒரே கை மாதிரிதான் இருந்துச்சு." துன்யா ஒரு மிளகாயைப் பிளந்து விதையை உதறினாள். "உன்கிட்ட ஒண்ணு சொல்றேன், சிரிக்காத. அம்மா என்னை வர்றியான்னு கேட்டப்ப நான் அந்தப் பொம்மைகிட்டப் போய் யோசனை கேட்டேன். போகணும்னா கையை விடுன்னேன். விடவே இல்ல."

"குழந்தைதானே நீ அப்ப."

"நான் குழந்தை. கீழே இருந்தது குழந்தையா? சும்மா விட்டிருந்தா என்ன குறைஞ்சு போயிருக்கும்? நான் யாரு அந்த ஆளுக்கு?"

நெவென்கா மிளகாயையே பார்த்தாள். பக்கத்து அடுப்பிலிருந்து ஒருத்தி, "ஏய் நெவென்கா, என்னடி உன் புகை எல்லாம் என் துணிமேல வருது!" என்று கத்தினாள். "காத்துகிட்டச் சொல்லு!" என்று இவளும் கத்தினாள்.

"அத்தை, கேக்கறேன் இல்ல. யாரு இருந்தா கீழே?"

"எனக்கெப்படித் தெரியும்? நான் தையல்காரி."

"சரி," என்றாள் துன்யா. ஜாடிகளை எல்லாம் கழுவிக் கவிழ்த்துவிட்டுத்தான் போனாள். அந்தக் குளிர்காலத்திலேயே, அம்மா இருந்த ஸ்டுட்கார்ட்டுக்குப் போகிறேன் என்று கிளம்பினாள். ஜெர்மன் தெரியாது, அம்மாவோடு பேச்சு இல்லை, எதற்கு இப்போது என்று ஓல்கா கத்தினாள். துன்யா பெட்டியைக் கட்டினாள். நெவென்காவிடம் விடைபெற வந்து வாசலில் நின்றாள், உள்ளே வரவில்லை. கன்னத்தில் மூன்று முத்தம், எல்லோருக்கும் கொடுப்பது போல. புத்தாண்டுக்கு ஒரு வாழ்த்து அட்டை வரும். கையெழுத்து மட்டும் இருக்கும்.

பிறகு நாடு உடைந்தது, சண்டை வந்தது, தன்யூப் பாலங்கள் விழுந்தன. தொலைக்காட்சியில் எப்போதும் சீருடைக்காரர்கள்தான். சோளத்தாத்தாவை ஏதோ ஒரு கிடங்கில் வைத்தார்கள், எலி மீசையைத் தின்றுவிட்டது. நெவென்கா அதற்கு வருத்தப்படவில்லை. பழைய நிகழ்ச்சிகளை மறுபடி போட்டபோது பக்கத்து வீட்டார் கூப்பிட்டார்கள். அவள் போகவில்லை. தலைவலி என்றாள்.

அங்கே ஒவ்வொரு வீட்டுக்கும் ஒரு காவல் புனிதர் உண்டு; நெவென்காவின் வீட்டுப் புனிதருக்கான நாள் நவம்பரில் வரும். அந்த நாளுக்கு யாரும் யாரையும் அழைப்பதில்லை. வரவேண்டியவர்கள் தாமாக வருவார்கள். வீட்டுக்காரர் அன்றைக்கு உட்காரக் கூடாது, வந்தவர்களுக்குப் பரிமாறிக்கொண்டு நிற்க வேண்டும். நெவென்காவுக்கு முட்டி போய்விட்டது, அத்தனை வருஷம் மண்டியிட்ட முட்டி. உட்காருங்கள் பாட்டி, புனிதர் கோபிக்கமாட்டார் என்று இளசுகள் சொன்னால் கேட்கமாட்டாள். மேசை விளிம்பைப் பிடித்துக்கொண்டாவது நிற்பாள்.

அப்படி ஒரு நாளில், மத்தியானத்துக்கு முன்னால், யாரும் வராத நேரத்தில் மணி அடித்தது. வாசலில் நரை ஓடிய ஒரு பெண், நல்ல கோட்டு, கையில் பூங்கொத்து.

"துன்யா!"

"புனித நாள் வாழ்த்துகள். பெரியம்மா வீட்டை விக்க வந்தேன். நாளைக்கு ரயில்."

வந்தவர்களுக்கு முதலில் தருகிற, வேகவைத்துச் சர்க்கரை கலந்த கோதுமையை நெவென்கா நீட்டினாள். துன்யா சிலுவை போட்டுக்கொண்டு ஒரு கரண்டி தின்றாள், பிறகு உட்கார்ந்தாள். கோட்டைக் கழற்றவில்லை.

"அம்மா போயிட்டா. மார்ச்சுல."

"அவமேல மண்ணு லேசா கிடக்கட்டும்."

"கடைசி மாசம் நான்தான் பார்த்துக்கிட்டேன். ரெண்டு பேருக்கும் பேச ஒண்ணும் இல்ல. அவ டிவி பார்ப்பா, நான் ஜன்னலைப் பார்ப்பேன். ஒருநாள் கையைப் பிடிச்சுப் பார்த்தேன். அவளுக்குப் பழக்கம் இல்ல பாரு, இழுத்துக்கிட்டா." துன்யா கரண்டியைத் தட்டில் வைத்தாள். "கோபத்துல இல்ல. கூச்சத்துல."

நெவென்கா மேசையைப் பிடித்தாள். "துன்யா, உன்கிட்ட நான் ஒண்ணு சொல்லணும்."

"வேண்டாம் அத்தை."

"நான்தான்…"

"தெரியும். மிளகாய் உரிச்ச அன்னிக்கே தெரியும். அந்தக் கையை எனக்குத் தெரியாதா? எத்தனை தரம் பிடிச்சிருக்கேன்! தெரிஞ்சுதான் கேட்டேன். ஒரு தரம் இல்ல, ரெண்டு தரம் கேட்டேன். நீ சொல்லியிருந்தா கத்தியிருப்பேன். ஒரு ஜாடி பாக்கி இல்லாம உடைச்சிருப்பேன். அப்புறம் உன்கூடவே இருந்திருப்பேன், எங்கே போவேன்? எனக்கு வேற யாரு இருந்தா?"

"பயம்டா கண்ணு. நீ வரமாட்டியோன்னு பயம்."

"வரலதானே, பாரு."

அதில் கோபம் இருந்திருந்தால் நெவென்கா தாங்கியிருப்பாள். துன்யா சாதாரணமாகச் சொன்னாள், ரயில் நேரத்தைச் சொல்வது போல. நெவென்காவுக்கு உட்கார்ந்துவிட்டால் போதும் என்று இருந்தது. உட்காரவில்லை. சமையலறைக்குப் போய்ச் சார்மாப் பானையைத் திறந்தாள். கோஸ் இலைப் பொட்டலங்களைத் தட்டில் வைத்தபோது ஒன்று உருண்டு தரையில் விழுந்தது. குனிந்து எடுக்க முடியவில்லை, காலால் ஓரமாக ஒதுக்கினாள்.

அதற்குள் மணி மறுபடி அடித்தது. மேல்வீட்டு மிலுதின் மதுப்புட்டியோடும் மனைவியோடும் உள்ளே வந்தான். பின்னாலேயே இன்னும் இரண்டு பேர். நாற்காலி இழுக்கிற சத்தம், வாழ்த்துச் சொல்கிற சத்தம். மிலுதின் துன்யாவின் பக்கத்தில் உட்கார்ந்து, புது முகத்தைப் பார்த்ததும் அவனுக்கே உரிய ஆர்வத்தோடு கேட்டான்.

"நீங்க யாரு? நெவென்காவுக்குச் சொந்தமா? இத்தனை வருஷத்துல பார்த்ததே இல்லையே!"

நெவென்கா தட்டோடு சமையலறை வாசலில் நின்றாள். துன்யா அவளைத் திரும்பிப் பார்த்தாள்.

"சொந்தம்னு ஒண்ணும் இல்லீங்க," என்றாள். "சின்ன வயசுல இங்கே பக்கத்துல இருந்தேன்."

"அப்படியா! சாப்பிடுங்க, சாப்பிடுங்க. இந்தம்மா கைச் சார்மா மாதிரி இந்த ஊர்ல கிடையாது."

துன்யா கோட்டுப் பொத்தான்களை அவிழ்த்தாள். சாப்பிடத்தான் போகிறாள் என்று தெரிந்தது. நெவென்கா தட்டை அவள் முன்னால் வைத்தாள். அடுத்தவருக்குத் தட்டு எடுக்கத் திரும்பி நடந்தாள்.